எந்தக் கல்?

ரீனா பிறந்ததிலிருந்தே பயந்தாங்கொள்ளி என்று யாராவது சொன்னால் அவள் அண்ணன் டக்ளஸ் ஒத்துக்கொள்ள மாட்டான். பிறப்பதற்கு முன்னாலேயே பயந்தவள் என்பான். டாக்டர் சொன்ன தேதி தாண்டியும் வராமல், உள்ளேயே இருந்து வெளி நிலவரத்தை நோட்டம் விட்டுக்கொண்டிருந்தாளாம். அப்பா லூர்து, பூனா கேம்ப்பில் ராணுவ ஆபீஸ் ஒன்றில் குமாஸ்தா. வேலூர்ப் பக்கத்திலிருந்து அவருடைய அப்பா காலத்தில் வந்து ஒட்டிக்கொண்ட குடும்பம். வீட்டுக்குள் தமிழ், வாசற்படி தாண்டினால் இந்தி, காய்கறிக்காரியிடம் மராத்தி, மாதா கோயிலில் இங்கிலீஷ். அத்தனை பாஷையிலும் ரீனா பயந்தாள்.

பல்லிக்குப் பயம். பால் பொங்கினால் பயம், பொங்காவிட்டால் கெட்டுவிட்டதோ என்று பயம். மழைக்காலத்தில் ஆற்றின் மேல் பண்ட் கார்டன் பாலத்தைத் தாண்டும்போது ரிக்‌ஷாவுக்குள் கண்ணை இறுக மூடிக்கொள்வாள். பக்கத்து வீட்டு டெலிபோனுக்கு அழைப்பு வந்திருக்கிறது என்று யாராவது கூப்பிட்டால், போய் எடுப்பதற்குள் செத்தது யார் என்று ஒரு முடிவுக்கு வந்திருப்பாள். பயப்படுகிறவர்களைப் பார்த்துச் சிரிப்பது சுலபம். தினமும் எத்தனை பேரை மனசுக்குள்ளேயே காப்பாற்றிக் காப்பாற்றி அவர்கள் களைத்துப்போகிறார்கள் என்பது சிரிக்கிறவர்களுக்குத் தெரியாது.

ஒரே ஒரு இடத்தில் அவளுக்குப் பயம் கிடையாது. கான்வென்ட் பள்ளியில் நர்சரி டீச்சராக இருந்தாள். வகுப்புச் சுவரில் அவளே வரைந்து ஒட்டிய ஒரு சார்ட். மூன்று கட்டம். யெஸ்டர்டே என்ற கட்டத்தில் வாடிய பூ, டுடேயில் மலர்ந்த பூ, டுமாரோவில் மொட்டு. தினமும் காலையில் பிள்ளைகள் ராகம் போட்டு அதைப் பாடும். அந்த வகுப்பறைக்குள் எந்த நாளும் தன் கட்டத்தை விட்டு வெளியே கால் வைத்தது கிடையாது.

அப்படிப்பட்டவள் கட்டிக்கொண்டது மெர்வினை. அவன் எதற்கும் பயப்படாதவன். என்னைக் கேட்டால் அதுவும் ஒரு வியாதிதான். கல்யாணமாகி ஏரவாடாவில் இரண்டாவது மாடியில் இரண்டு அறை பிடித்துக் குடியேறினார்கள். ரஞ்சன்காவில் புதிதாக வந்த ஒரு தொழிற்சாலையில் அவனுக்கு மெஷின் வேலை. காலையில் கம்பெனி பஸ் நகர் ரோட்டில் வந்து நின்று ஹாரன் அடிக்கும். ஏறி உட்கார்ந்ததும் மற்ற எல்லாரும் வாயைப் பிளந்து தூங்கிவிடுவார்கள். மெர்வின் மட்டும் முழித்துக்கொண்டு ஜன்னல் வழியாக வெளியே பார்த்தபடி ஒரு உலகத்தைக் கட்டிக்கொண்டிருந்தான்.

அந்த உலகத்தில் முளா, முட்டா என்று இரண்டு கிரகங்கள். ஊருக்குள் ஓடுகிற இரண்டு ஆற்றின் பேரைத் தூக்கி வானத்தில் வைத்துவிட்டான். இரண்டாவதுக்கு ஒரு ‘ள்’ குறைகிறது என்று ரீனா சொல்லிப் பார்த்தாள், அவனுக்கு உறைக்கவில்லை. முளா மக்கள் பெரிய கப்பல் கட்டி நட்சத்திரத்துக்கு நட்சத்திரம் போகிறவர்கள். கப்பலில் ஷிஃப்ட் உண்டு, கேன்டீன் உண்டு, ஜன்னல் சீட்டுக்குச் சண்டை உண்டு. ஆனால் அவர்களுக்குத் தீராத ஒரு துக்கம் இருந்தது. கப்பலில் போனவனுக்கு ஒரு தூக்கம் தூங்கி எழுந்த மாதிரிதான் இருக்கும்; திரும்பி வந்து பார்த்தால், தொட்டிலில் விட்டுப்போன பிள்ளைக்கு நரை விழுந்திருக்கும். இந்தக் கஷ்டத்துக்கு என்ன வழி என்று மெர்வினுக்கு வெகுநாள் தெரியவில்லை.

வழி காட்டியது அவர்கள் மகள் டானியா. பூனாவில் பிறந்த தமிழ்ப் பிள்ளைகள் தமிழை இந்தியில் யோசித்துத்தான் பேசும். இந்தியில் நேற்றைக்கும் ‘கல்’, நாளைக்கும் ‘கல்’. இரண்டுக்கும் ஒரே சொல் போதும் என்று அந்தப் பாஷை முடிவு செய்துவிட்டது. ஒரு நாள் டானியா அப்பாவின் தோளில் தொங்கிக்கொண்டு, "டாடி, கல் கார்டன் போலாமா?" என்றாள்.

"எந்தக் கல்லு?" என்றான் மெர்வின். "போன கல்லா, வரப்போற கல்லா, இல்ல கால்ல குத்துற கல்லா?"

டானியா நன்றாக யோசித்தாள். "எல்லாம் ஒரே கல்தான் டாடி."

மெர்வின் பிள்ளையை அப்படியே தூக்கிச் சுற்றினான். அன்றைக்குத்தான் முளா மக்களுக்கு ஒரு துகள் கிடைத்தது. தூசியைவிடச் சின்னது. பெயர் கல். அதற்கு முன்னும் தெரியாது, பின்னும் தெரியாது. ஒரு கல்லைச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டால் போதும், காலம் மடித்த சப்பாத்தி போல இந்த ஓரமும் அந்த ஓரமும் ஒன்றாகிவிடும். பிள்ளைக்கு நரை விழுவதற்குள் அப்பா வீடு வந்து சேர்ந்துவிடலாம். ஆனால் அதற்கு ஒரு சட்டம் உண்டு. கல் வைத்திருக்கிறவன், நடக்கப்போவதை நடந்து முடிந்ததாகத்தான் சொல்ல வேண்டும். ‘நாளைக்கு வருவேன்’ என்று சொல்லக் கூடாது. ‘நேத்து வந்துட்டேன்’ என்று சொல்ல வேண்டும். சொன்னதும் அந்தச் சொல் பொய்யாகிவிடாமல் இருப்பதற்காகக் கல் காலத்தை வளைத்துக்கொடுக்கும்.

அதிலிருந்து வீட்டில் நாளை என்பதே இல்லாமல் போயிற்று. "மம்மி, நேத்து ஸ்கூல் லீவு" என்றால் நாளைக்கு லீவு. "நேத்து நான் புது ஃப்ராக் போட்டேன்" என்றால் நாளைக்குப் போடப்போகிறாள். ஊரார் பிள்ளைகளுக்கெல்லாம் நேற்று இன்று நாளை சொல்லிக்கொடுக்கிறவள் வீட்டில் இப்படி. ரீனா பள்ளிக்கூடத்துச் சார்ட்டைப் போலவே இன்னொன்று வரைந்து சமையலறையில் ஒட்டினாள். மெர்வின் அதில் வாடிய பூவிலிருந்து மொட்டுக்கு ஒரு கோடு போட்டு, ‘கம்பெனி பஸ் வழி’ என்று எழுதிவைத்தான்.

கோபம் வந்தவரை சரி. பிறகு வந்தது பயம். பிள்ளை சொல்வது நடக்க ஆரம்பித்தது. "நேத்து டக்ளஸ் மாமா கேக் கொண்டாந்தாரு" என்றாள். மறுநாள் சாயங்காலம் டக்ளஸ் கிர்க்கியிலிருந்து கேக்கோடு வந்து நின்றான். "நேத்து பூனைக்குட்டி வந்துச்சு" என்றாள். மறுநாள் மாடிப்படியில் பூனைக்குட்டி.

"இந்த வெளையாட்டு வேணாங்க," என்றாள் ரீனா மெர்வினிடம். "சொன்னதெல்லாம் நடக்குது. எனக்கு பயமா இருக்கு."

"சொன்னா நடக்குமா? அப்ப நேத்து நான் மேனேஜர் ஆயிட்டேன்," என்று அவன் சிரித்தான். சிரிக்கிறவனிடம் மேற்கொண்டு என்ன பேசுவது?

அது டிசம்பர் மாதம். தொண்ணூற்றைந்தாம் வருஷம். கிறிஸ்துமஸுக்காகக் கோயிலில் பாட்டுப் பயிற்சி நடந்துகொண்டிருந்தது. ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்ததும் ரீனா பாட்டுக்குத் தங்கிவிட்டாள். அப்பாவும் மகளும் ரேஸ் கோர்ஸ் பக்கம் மைதானத்துக்கு விளையாடப் போனார்கள். மத்தியானம் சிரித்துக்கொண்டே வீடு வந்தார்கள். மெர்வின் இரண்டு வாய் சாப்பிட்டுவிட்டு சாயங்காலம்வரை தூங்கினான். திங்கட்கிழமை வழக்கம்போல வேலைக்குப் போய் வந்தான்.

அந்தத் திங்கட்கிழமை சாயங்காலம் ரீனா டானியாவுக்குத் தலை வாரிக்கொண்டிருந்தாள். மெர்வின் கீழே தண்ணீர் வருகிறதா என்று பார்க்கப் போயிருந்தான்.

"மம்மி, நேத்து டாடி கீழ விழுந்துட்டாரு."

சீப்பு பாதி முடியில் நின்றது.

"எங்க?"

"கிரவுண்ட்ல. மரத்துகிட்ட. கைய இங்க வெச்சிக்கிட்டாரு." டானியா தன் நெஞ்சைத் தொட்டுக் காட்டினாள். "நான் கூப்ட்டேன். பேசவே இல்ல. நான் அழுதேன்."

"யாரு சொன்னா உனக்கு இதெல்லாம்?"

பிள்ளை அம்மா முகத்தைப் பார்க்காமல் ஜன்னலைப் பார்த்தது. "நான் சொல்லல. கல்தான் சொல்லுது."

"டானியா, மம்மிய பாரு. எப்போ? சரியா சொல்லு, எப்போ?"

"நேத்துன்னு சொன்னேன்ல!"

நேற்றைப் பற்றி ரீனாவுக்குத் தெரியும். நேற்று மெர்வின் சிரித்துக்கொண்டே வந்தான், சாப்பிட்டான், தூங்கினான். நேற்று முடிந்துபோன பூ, அதன் கட்டத்தில் பத்திரமாக இருக்கிறது. அப்படியானால் பிள்ளை சொல்கிற நேற்று எது? இந்த வீட்டில் நேற்று என்றால் எது என்று அவளுக்குத் தெரியாதா? கேக் வந்த நேற்று, பூனைக்குட்டி வந்த நேற்று. அதாவது நாளைக்கு, செவ்வாய்க்கிழமை.

மெர்வினிடமே சொல்லியிருக்கலாம். சொல்ல வாய் வரவில்லை. சொன்னால் நடக்கும் என்பதுதானே அந்தப் பாழாய்ப்போன கல்லின் சட்டம். ‘நேத்து நீங்க விழுந்துட்டீங்களாம்’ என்று தன் வாயாலும் ஒருமுறை சொல்லிவிட்டால், சந்தேகத்துக்கு இருக்கிற கொஞ்ச இடமும் போய்விடும் என்று பயந்தாள். படித்தவள், டீச்சர், ஞானஸ்நானம் பெற்றவள். ஜெபமாலையைக் கையில் வைத்துக்கொண்டு ஒரு தூசிக்குப் பயந்தாள். மெர்வின் மேலே வந்து, தண்ணீர் வரவில்லை என்றான். அந்த இரண்டு வார்த்தையைச் சொல்வதற்குள் அவன் இரண்டு தடவை மூச்சு வாங்கியதை அவள் கவனிக்கவில்லை. அவள் கவனமெல்லாம் நாளையின் மேல் இருந்தது.

செவ்வாய்க்கிழமை காலை மெர்வின் டிபன் டப்பாவோடு வாசலுக்குப் போனதும், ரீனா சமையலறைத் தரையில் உட்கார்ந்துவிட்டாள்.

"தலை சுத்துதுங்க. இன்னைக்கு போவாதீங்க."

அது முழுப் பொய்யும் இல்லை. மெர்வின் அவளைப் பார்த்தான், டப்பாவைப் பார்த்தான். "சரி, போகல" என்று சொல்லிச் செருப்பைக் கழற்றினான். ஒரு கேள்வி கேட்கவில்லை, ஒரு கேலி செய்யவில்லை. பள்ளிக்கூட நாளில் கூட லீவு போடப் பிடிக்காத மனுஷன், கல்யாணமான வாரமே வேலைக்கு ஓடினவன், இவ்வளவு சுருக்காக ஒப்புக்கொண்டது ஏன் என்று அவள் யோசித்திருக்க வேண்டும். யோசிக்கவில்லை. நகர் ரோட்டில் கம்பெனி பஸ் ஹாரன் அடித்துவிட்டு, அவன் இல்லாமலே போனது. அந்தச் சத்தம் காதில் விழுந்தபோது, வானத்துக் கப்பலையே திருப்பி அனுப்பிவிட்ட மாதிரி அவளுக்கு ஒரு வெற்றி.

பள்ளி ரிக்‌ஷா வந்து டானியாவை ஏற்றிக்கொண்டு போயிற்று. ரீனா தானும் வேலைக்கு லீவு போட்டுவிட்டு, கதவைப் பூட்டிச் சாவியை அரிசி டப்பாவுக்குள் போட்டாள். மைதானம் வெளியே இருக்கிறது, மரம் வெளியே இருக்கிறது. வெளியே போகாதவன் அங்கே எப்படி விழுவான்? மெர்வின் ஜன்னலோரம் சும்மா உட்கார்ந்திருந்தான். பேப்பர் வாங்கிவரட்டுமா என்றான். வேண்டாம் என்றாள். பீடாக்கடைவரை நடந்துவரட்டுமா என்றான். வேண்டவே வேண்டாம் என்றாள். இப்படியே விட்டால் எப்படியாவது நழுவிப் போய்விடுவான் என்று தோன்றியது. அவனை வீட்டுக்குள் கட்டிப்போட ஒரு வேலை வேண்டும்.

"கிறிஸ்துமஸ் வருது, பீரோவுக்குப் பின்னால ஒரே ஒட்டடை. கொஞ்சம் நகத்தித் தாங்களேன்."

அது அவள் அம்மா வீட்டில் கொடுத்த இரும்பு பீரோ. கல்யாணத்தன்று நாலு பேர் சேர்ந்து மாடி ஏற்றியது. மெர்வின் எழுந்து தோளைக் கொடுத்தான். ஒரு முனை நகர்ந்தது. அவன் நின்று மூச்சு விட்டான். மறு முனைக்குத் தோளைக் கொடுத்தான். ரீனா துடைப்பத்தோடு தயாராக நின்று, "இன்னும் கொஞ்சம், இன்னும் கொஞ்சம்" என்றாள். இந்த இரண்டு சொல்லையும் அவள் பிற்பாடு எத்தனை வருஷம் தூக்கத்தில் கேட்டாள் என்று அவளுக்குத்தான் தெரியும்.

பீரோ பாதி தூரம் வந்ததும் மெர்வின் அதன்மேல் முதுகைச் சாய்த்து மெதுவாகத் தரையில் உட்கார்ந்தான். டிசம்பர் குளிரில் சட்டை முழுக்க வேர்வை.

"என்னங்க?"

"ஒண்ணுமில்ல. மூச்சு வாங்குது. கொஞ்சம் படுக்கறேன்."

பாய் விரித்துக் கொடுத்தாள். எலுமிச்சம்பழம் பிழிந்து கொடுத்தாள். இது மைதானம் இல்லை, மரம் இல்லை, பேசுகிறான் வேறு. பிள்ளை சொன்னதற்கும் இதற்கும் ஒன்றும் பொருந்தவில்லை என்று மனசுக்குள் ஒவ்வொன்றாகச் சரிபார்த்துக்கொண்டாள். வாயுப்பிடிப்பாக இருக்கும்.

மத்தியானம் டானியா படியேறி வந்து கதவைத் தட்டினாள். ரீனா அரிசிக்குள் கையை விட்டுச் சாவியைத் தேடித் திறந்தாள். பிள்ளை புத்தகப்பையைக்கூடக் கழற்றாமல், பாயில் படுத்திருந்த அப்பாவைப் பார்த்து அப்படியே நின்றுவிட்டது.

"மம்மி, டாடிக்கு ஃபிர் ஸே கல் வந்துச்சா?"

ஃபிர் ஸே. மறுபடியும். இந்தியில் அந்தச் சொல்லுக்கு ஒரே அர்த்தம்தான். முன்னுக்கும் பின்னுக்கும் மாறி மாறிப் பல்லிளிக்கிற சொல் இல்லை அது.

"ஃபிர் ஸேன்னா? டானியா, மறுபடியும்னா என்னா?"

பிள்ளைக்கு உதடு பிதுங்கியது. "சண்டே வந்துச்சுல்ல. கிரவுண்ட்ல. கல் வந்து நெஞ்சு மேல ஒக்காந்துருக்கு, எறங்கிடும்னு டாடி சொன்னாரு. மம்மிகிட்ட சொல்லாத, பயந்துடுவான்னாரு. அதான் நான் சொல்லல. கல்தான் சொல்லிச்சு."

ரீனா மெர்வினைத் திரும்பிப் பார்த்தாள். அவன் கண்ணைத் திறந்து, மாட்டிக்கொண்ட பிள்ளை மாதிரி ஒரு சிரிப்புச் சிரிக்கப் பார்த்தான். சிரிப்பு பாதியில் நின்றது. உதடு நீலம் பாரித்திருந்தது.

அவள் வாழ்நாள் முழுக்கச் சேர்த்துவைத்த பயமெல்லாம் ஒன்றுமே இல்லை என்று அந்த நொடியில் ரீனாவுக்குத் தெரிந்தது. அவள் நாளைக்குக் காவல் காத்துக்கொண்டிருந்தாள். வந்தது நேற்றே வந்து, வீட்டுக்குள் நுழைந்து, அவளோடு ஒரே தட்டில் சாப்பிட்டுக்கொண்டிருந்தது. அதன் கையில் பீரோவையும் கொடுத்துத் தள்ளச் சொன்னது அவள்தான்.

அவள் போட்ட கூச்சலில் கீழ்வீட்டு மராத்தி அம்மா ஷிண்டே காக்கியும் அவள் மகன்களும் ஓடிவந்தார்கள். மெர்வினை ஒரு பிளாஸ்டிக் நாற்காலியில் உட்காரவைத்து அப்படியே தூக்கிக்கொண்டு படி இறங்கினார்கள். பண்ட் கார்டன் பாலத்தை ரிக்‌ஷா தாண்டியபோது, வாழ்க்கையில் முதல் தடவையாக ரீனா கண்ணை மூடவில்லை. மெர்வினின் மூக்குக்குக் கீழே விரலை வைத்து, மூச்சு விரலில் படுகிறதா என்று பார்த்துக்கொண்டே வந்தாள். ஆற்றைக் கவனிக்க அவளுக்கு நேரம் இல்லை.

ஆஸ்பத்திரியில் ஒரு சின்ன வயசு லேடி டாக்டர், வலி எப்போதிலிருந்து என்று இந்தியில் கேட்டாள். "கல் ஸே," என்றாள் ரீனா. உடனே, இல்லை, நேற்று இல்லை, ஞாயிறு நேற்றைக்கு முந்தின நாள் என்று உறைத்தது. "நஹீ, பர்ஸோ" என்றாள். சொன்னதும் திக்கென்றது. முந்தாநாளுக்கும் பர்ஸோ, நாளை மறுநாளுக்கும் அதே பர்ஸோ. எந்தப் பக்கம் திரும்பினாலும் இந்தப் பாஷை அவளை நடுரோட்டில் நிறுத்தியது. ஊர்ப் பிள்ளைகளுக்கெல்லாம் யெஸ்டர்டே டுடே டுமாரோ சொல்லிக்கொடுத்தவளுக்கு ஒரு நாளைச் சொல்ல நாக்கு புரளவில்லை. கடைசியில், "சண்டே, டாக்டர், சண்டே" என்று அழுதாள்.

"சண்டேயா? இன்னைக்கு டியூஸ்டே. இது வரைக்கும் என்ன செஞ்சுட்டிருந்தீங்க?" என்பதுபோல அந்தப் பெண் ஒரு பார்வை பார்த்தாள். வாயால் கேட்கவில்லை. ஹார்ட் அட்டாக், ஞாயிற்றுக்கிழமை வந்ததுதான் முதல் அட்டாக் என்று மட்டும் சொல்லிவிட்டு உள்ளே போனாள். கதவு சாத்திக்கொண்டது.

வெளியே பெஞ்சில் டானியா சீருடையோடு உட்கார்ந்திருந்தாள். புத்தகப்பை இன்னும் முதுகில் இருந்தது. அழவில்லை. அதுதான் ரீனாவுக்கு இன்னும் பயமாக இருந்தது.

"மம்மி," என்று வெகு மெதுவாகக் கேட்டது பிள்ளை. "நான் சொன்னதாலதான் நடந்துச்சா?"

ரீனா அந்த முகத்தைப் பார்த்தாள். நேற்றுச் சாயங்காலத்திலிருந்து தன் முகம் எப்படி இருந்திருக்கும் என்று அவளுக்கு இப்போது தெரிந்தது. தன்னுடைய பயம் ஒரு பிடி குறையாமல் ஆறு வயசுப் பிள்ளையிடம் போய்ச் சேர்ந்திருந்தது. இல்லை என்று வெறுமனே சொன்னால் பிள்ளை நம்பாது. அவளே நம்பமாட்டாளே.

அப்போதுதான் அவளுக்கு ஒன்று புரிந்தது. டக்ளஸ் கேக்கோடு வருவது முன்னாலேயே மெர்வினுக்குத் தெரியும். பிள்ளை சொன்னதும் கம்பெனி போனிலிருந்து மெர்வினே டக்ளஸைக் கூப்பிட்டிருப்பான். பூனைக்குட்டி தானாகப் படியேறி வரவில்லை. அன்றைக்கு மெர்வின் சட்டையெல்லாம் ரோமம். பிள்ளை நேற்று என்று சொன்ன ஒவ்வொன்றையும், வேலை முடிந்து களைத்து வந்த கையோடு, அந்த மனுஷன் ஓடி ஓடி நடத்திவைத்திருக்கிறான். கல் எங்கே காலத்தை வளைத்தது? அவன்தான் உடம்பை வளைத்தான். பிள்ளை பயந்துவிடக் கூடாது என்று நெஞ்சுவலியோடுகூட ஒரு கதை கட்டினான்.

ரீனா பிள்ளையின் பையைக் கழற்றிக் கீழே வைத்தாள்.

"டானியா, நேத்து டாடி வீட்டுக்கு வந்துட்டாரு."

பிள்ளை நிமிர்ந்து பார்த்தது. மம்மி இந்த விளையாட்டை விளையாடினதே இல்லை.

"படியில மெதுவா ஏறி வந்தாரு," என்றாள் ரீனா. "வந்ததும் பாயில படுத்தாரு. கஞ்சி குடிச்சாரு."

"பீரோ?"

"பீரோ அதோட எடத்துக்கே போயிடுச்சு."

"யாரு தள்ளுனது?"

"டக்ளஸ் மாமா."

டானியா நீண்ட மூச்சு விட்டு அம்மா மடியில் சாய்ந்தாள். அதற்குப் பிறகுதான் அழுதாள். ரீனாவோ சொல்லி முடித்த கணத்திலிருந்து, இதுவரை அறியாத ஒரு பயத்தில் உட்கார்ந்திருந்தாள். சொல்லியாகிவிட்டது. இனி இதை நடத்திக் காட்ட வேண்டும், அதற்கு அவளிடம் இருந்தது இரண்டு கையும் ஒரு ஜெபமும்தான். சாயங்காலம் செய்தி கேட்டு டக்ளஸ் மூச்சிரைக்க ஓடிவந்தான். என்ன ஆச்சு, எப்படி இருக்கிறான் என்று அவன் கேட்பதற்குள் ரீனா வீட்டுச் சாவியை அவன் கையில் திணித்தாள்.

"மொதல்ல வீட்டுக்கு போ. போயி அந்த பீரோவ தள்ளி வெச்சிட்டு வா."

தங்கைக்குப் புத்தி பேதலித்துவிட்டது என்று டக்ளஸ் நினைத்தான். ஆனாலும் போய்த் தள்ளிவிட்டு வந்தான்.

மெர்வின் பிழைத்தான். மறுநாள் வீடு வரவில்லை. கிறிஸ்துமஸ் மணி ஆஸ்பத்திரிக்குள்தான் கேட்டது. புது வருஷம் பிறந்த பிறகு ஒரு நாள், ரீனாவின் தோளைப் பிடித்துக்கொண்டு மெதுவாகப் படியேறி வந்தான், பாயில் படுத்தான், கஞ்சி குடித்தான். நேற்று என்று சொன்னது இத்தனை நாள் கழித்து நடந்ததே என்று டானியா ஒரு கேள்வி கேட்கவில்லை. கல் அந்த மட்டுக்கும் வளைந்து கொடுக்கும் போல. அதற்குப் பிறகு மெர்வினுக்குக் கம்பெனியில் ஸ்டோரில் உட்கார்ந்து பார்க்கிற வேலை. முளா, முட்டா கதையை அவன் மறுபடி எடுக்கவில்லை. வீட்டில் அந்த விளையாட்டு நின்றுபோயிற்று. டானியா வளர்ந்து, நேற்று வேறு நாளை வேறு என்று ஒழுங்காகப் பேசக் கற்றுக்கொண்டாள். சமையலறைச் சார்ட் கிழிந்தபோது ரீனா புதிதாக வரையவில்லை.

இரண்டாயிரத்து ஒன்பதில் டானியாவுக்கு ஹிஞ்சவாடியில் கால் சென்டர் வேலை கிடைத்து, வாகட்டில் ஒரு ஃபிளாட்டில் தோழிகளோடு தங்கினாள். ஸ்கூட்டி ஒன்று வாங்கியிருந்தாள். லாரி ஓடுகிற அந்த ஹைவேயில் ஒல்லியான அந்தப் பெண் ஸ்கூட்டியில் போவதை நினைத்தால், ரீனா சாப்பாட்டை விட்டு எழுந்து ஜெபமாலையைத் தேடுவாள். சனிக்கிழமை சாயங்காலம் மொபைல் அடித்தது. எடுப்பதற்குள் ரீனா ஒரு முடிவுக்கு வந்திருந்தாள்.

"மம்மி, நாளைக்கு வீட்டுக்கு வரேன். ஸ்கூட்டியிலதான்."

ஜன்னலோரம் உட்கார்ந்திருந்த மெர்வின் திரும்பிப் பார்த்தான். தலை முழுக்க நரை.

"அப்படி சொல்லாத," என்றாள் ரீனா.

"வாட் மம்மி?"

"நாளைக்குன்னு சொல்லாத. பயமா இருக்கு. நேத்துன்னு சொல்லு."

அந்தப் பக்கம் ஒரு லாரி ஹாரன் கேட்டது. பிறகு டானியாவின் குரல் வந்தது. எல்லா வருஷத்தையும் தாண்டி ஆறு வயசுக்குப் போய்விட்ட குரல்.

"நேத்து பத்திரமா வந்து சேந்துட்டேன், மம்மி. நீ கதவ தொறந்த. டாடி சிரிச்சாரு."

"சரி," என்றாள் ரீனா. போனை வைத்துவிட்டு எழுந்துபோய், இன்னும் ஒரு நாள் முழுக்க மீதி இருக்கும்போதே, வாசல் கதவைத் திறந்துவைத்தாள்.